ரேவதியில் போனவளுக்கு, அடைக்காத அறையிலிருந்து

இன்று காலை உன் அறை அலமாரியைத் துடைத்துக்கொண்டிருந்தேன். மேல்தட்டில் பழைய துணிகளுக்குப் பின்னால் ஒரு டப்பா. மூடியைத் திறந்ததும் தேயிலை மணம் ஆளைத் தூக்கியது. கடையில் பொட்டலமாக வாங்குகிற தூள் இல்லை; சூரியநெல்லி ஃபேக்டரியில் வேலை செய்கிற யாராவது சூடு ஆறுவதற்குள் உனக்கு அள்ளிக் கொடுத்து அனுப்புவார்களே, அந்தத் தூள். நீ போய் ஏழு மாதமாகிறது. உன் தூளுக்கு அது இன்னும் தெரியவில்லை. எனக்குச் சிரிப்பு வந்தது, அதன் பின்னாலேயே அழுகை, அதன் பின்னாலேயே வழக்கம்போலக் கோபம்.

போன மாதம் வரை இந்த அறை திறந்திருக்கவே கூடாது என்பதுதான் ஊரின் தீர்ப்பு. நீ ரேவதி நட்சத்திரத்தில் போனவள். ரேவதியில் உயிர் பிரிந்தால் அந்த அறையை ஆறு மாதம் அடைத்துப் பூட்டிவைக்க வேண்டும். அடைக்காமல் விட்டால் அதே வீட்டிலிருந்து இன்னொரு உயிரும் போகும். இதற்கு அடைப்பு என்று பேர். பார், உனக்கே இதை விளக்கிக்கொண்டிருக்கிறேன்! நான் அடைக்கவில்லை. ஒரு நாள்கூட அடைக்கவில்லை. தினமும் காலையில் கூட்டிப் பெருக்கி, ஜன்னலைத் திறந்துவிட்டேன். அதை உன்னிடம் சொல்லத்தான் இப்போது உன் கட்டிலில் உட்கார்ந்து எழுதுகிறேன்.

என்ன வேலை பார்க்கிறீர்கள் என்று யாராவது கேட்டால், "காலமந்திரம் ஆராய்ச்சி பண்ணுதேன்" என்று முகத்தை நேராக வைத்துக்கொண்டு சொல்வாய். பஸ்ஸில் பக்கத்து சீட்டுப் பெண் உடனே உள்ளங்கையை நீட்டிவிடுவாள். நீயும் சளைக்காமல் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு, உங்கள் ஊரில் ராகுகாலத்தில் பெண் பார்க்க வந்தால் என்ன செய்வீர்கள், மழையைத் தள்ளிப்போட என்ன செய்வீர்கள் என்று அவளிடமே கதை வாங்கிவிடுவாய். மனிதர்கள் காலத்தைத் தடுக்கவும் தள்ளவும் ஏமாற்றவும் என்னவெல்லாம் செய்கிறார்கள் என்பதுதான் உன் படிப்பு. நல்ல நேரத்தில் ஒரு பையை மட்டும் முதல் நாளே பக்கத்து வீட்டில் கொண்டுபோய் வைத்துவிட்டு, மறுநாள் ராகுகாலத்தில் சாவகாசமாகப் பயணம் கிளம்புகிற எங்கள் எருத்தேன்பதிக்காரர்களின் தந்திரத்தைக் கேட்டு நீ வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது ஞாபகமிருக்கிறதா? "காலத்துக்கே டிமிக்கி குடுக்கீங்களேட்டி" என்றாய்.

கேரளத்துச் சித்தூரில் நாம் இருவரும் பி.ஏ. தமிழ் படித்தோம். நான் அந்தப் படிப்போடு தென்னைக்குத் தண்ணீர் பாய்ச்ச வந்துவிட்டேன். நீ மேலே மேலே போனாய். போனாய் என்று சொல்வதும் தப்பு, முட்டிக்கொண்டே இருந்தாய். உன் நெறியாளர் நல்ல மனிதர்தான். ஆனால் ஆய்வுத் தலைப்பில் மந்திரம் என்ற சொல் வேண்டாம், 'நாட்டார் காலக் கணிப்பு முறைகள்' என்று மாற்றிக்கொள் என்று தலைகீழாக நின்றார். "கணிக்கிறது வேற சார், இவங்க காலத்தையே கட்டுதாங்க" என்று நீ ஒரே பேச்சில் நின்றாய். ஆய்வேடு கிடப்பில் கிடந்தது. ஒரு சொல்லை மாற்றினால் டாக்டர் பட்டம் என்று நானே உன்னிடம் கெஞ்சினேன். நீ மாற்றவில்லை. கடைசியில் அவர்தான் அலுத்துப்போய்க் கையெழுத்துப் போட்டார்.

பட்டம் வாங்கியும் என்ன? ஆயுள் முழுக்க கெஸ்ட் லெக்சரர். மார்ச் மாதம் வந்தால் வேலை போகும், ஜூன் மாதம் மறுபடியும் விண்ணப்பம். ஒரு கல்லூரியில் நிரந்தர வேலைக்கு நேர்முகத் தேர்வு என்று நான் துணைக்கு வந்தேனே, அதைச் சொல்லாமல் உன்னைப் பற்றி எதைச் சொன்னாலும் குறைதான். வெளியே பெஞ்சில் நான். கதவு பாதி திறந்திருந்தது. உள்ளே இருந்தவர்களில் வெள்ளை வேட்டி கட்டிய ஒருவர் மலையாளத்தில் கேட்டார், காலத்தைக் கட்டுவது பற்றித்தானே ஆராய்ச்சி, எங்கே, எங்களுக்கும் கொஞ்சம் கட்டிக் காட்டக் கூடாதா என்று. மற்றவர்கள் சிரித்தார்கள். நீ, "கட்டிட்டேன் சார்" என்று சொல்லிவிட்டு மடியில் கையை வைத்து உட்கார்ந்துவிட்டாய். பேசவில்லை, அசையவில்லை. சிரிப்பு அடங்கியது. ஒருவர் பேனாவை மூடினார். டீத் தட்டோடு வந்தவர் வாசலிலேயே நின்றார். அடுத்த கேள்வி கேட்க யாருக்கும் வாய் வரவில்லை. எவ்வளவு நேரமோ, கடைசியில் வெள்ளை வேட்டிக்காரர் தொண்டையைச் செருமினார். "இப்ப நீங்கதான் சார் அவுத்தது" என்றாய்.

வேலை கிடைக்கவில்லை. கிடைத்திருந்தால்தான் ஆச்சரியம். பஸ் ஸ்டாண்டில் பழம்பொரியைத் தின்றுகொண்டே, "அது கிடக்கட்டும், கட்டினேனா இல்லையா, அதைச் சொல்லு" என்று கேட்டாய். கட்டினாய் என்றேன். "நாலு பேர் சேர்ந்து, இன்னும் நடக்கலேன்னு நின்னா, அவங்க நிக்கிற வரைக்கும் அது நடக்கலதாம்ட்டி. அம்புட்டுதான் என் சப்ஜெக்ட்" என்று சொல்லிவிட்டு இன்னொரு பழம்பொரி வாங்கினாய்.

நீ ஏன் இந்த சப்ஜெக்டைப் பிடித்துக்கொண்டாய் என்பது எனக்கு அதற்கு முன்பே தெரியும். கல்லூரி விடுமுறையில் முதன்முதலாக உன்னோடு சூரியநெல்லிக்கு வந்தபோது தெரிந்தது. கேரளத்தில் இருக்கிற என் ஊரிலிருந்து கேரளத்தில் இருக்கிற உன் ஊருக்கு வர, பொள்ளாச்சி உடுமலை என்று தமிழ்நாட்டைச் சுற்றிக்கொண்டு மலையேற வேண்டியிருந்ததை நான் புலம்பிக்கொண்டே வந்தேன். உங்கள் லயத்தைப் பார்த்ததும் புலம்பல் நின்றது. வரிசையாகப் பத்துப் பன்னிரண்டு குடும்பம், ஒவ்வொன்றுக்கும் ஒரே அறை, அதன் மூலையில் அடுப்பு. எங்கள் வீட்டுக் களஞ்சிய அறை அதைவிடப் பெரிது. பின்பக்கம் கூட்டிக்கொண்டு போய் ஒரு மாட்டுக்கொட்டகையைக் காட்டினாய். தகரக் கூரை, மூன்று பக்கம் படுதா.

உனக்குப் பத்து வயதில் உன் அம்மா இறந்துபோனாள். உத்திர நட்சத்திரம். மூன்று மாத அடைப்பு. இருந்ததே ஒரு அறை. அதை அடைத்தால் எங்கே போவது? அக்கம்பக்கத்து அறைகளில் கால் நீட்ட இடமில்லை. எஸ்டேட்டில் வேறு அறை தரவில்லை. உன் அப்பா உன்னையும் உன் கைக்குழந்தைத் தம்பியையும் கூட்டிக்கொண்டு அந்தக் கொட்டகைக்குப் போனார். ஆடி மாத மழை. படுதாவை மீறிச் சாரல். தம்பிக்குக் காய்ச்சல் கண்டது, நெஞ்சு கட்டியது, அம்மா போன மாதமே அவனும் போனான். லயத்தில் எல்லோரும் சொன்னது ஒன்றுதான்: பார்த்தீர்களா, அடைத்தும்கூட நட்சத்திரம் ஒன்றை எடுத்துக்கொண்டது, அடைக்காமல் விட்டிருந்தால் மூன்று பேரும் போயிருப்பார்கள். நீ அந்தத் தகரத்தைத் தட்டிக்காட்டி, "நட்சத்திரம் எடுக்கலட்டி. குளிரு எடுத்துச்சு" என்றாய். உன் குரலில் அழுகை இல்லை.

அதோடு முடிந்திருந்தால் நீ ஒரு வாத்தியாராகி, சம்பளம் வாங்கி, சுகமாக இருந்திருப்பாய். முடியவில்லையே. ஆராய்ச்சிக்கென்று மறுபடியும் லயம் லயமாகப் போய்ப் பெண்களிடம் பேசியபோதுதான் உனக்கு அந்த வழக்கம் தெரிய வந்தது. அடைப்பு நட்சத்திரம் முடிய இன்னும் கொஞ்ச நேரம்தான் இருக்கும்போது யாராவது இறந்துபோனால், லயத்துப் பெண்கள் அழ மாட்டார்கள். ஒருத்தி கதவருகே நின்றுகொள்வாள். ஒருத்தி இறந்தவளின் உதட்டில் பாலை நனைத்துக்கொண்டே, "இந்தா குடி, வெயில் வந்துட்டு பாரு" என்று உயிரோடு இருக்கிறவளிடம் பேசுவதுபோலப் பேசிக்கொண்டிருப்பாள். நட்சத்திரம் மாறியதும்தான் ஒப்பாரி. அழுகைச் சத்தம் கேட்கிற நேரம்தான் சாவு நேரம். அதுவரைக்கும் சாவு இல்லை. ஒரே அறையை வைத்துக்கொண்டு பிழைக்கிறவர்கள் காலத்தோடு போட்ட சண்டை இது. நீ இதற்குக் காலக்கட்டு என்று பேர் வைத்தாய். உன் ஆய்வேட்டின் உயிரே அதுதான்.

அதைக் கண்டுபிடித்த சந்தோஷத்தில் என்னைத் தேடி ஓடி வருவாய் என்று நினைத்தேன். வந்தாய். தோப்பில் மட்டை பொறுக்கிக்கொண்டிருந்த என் பக்கத்தில் வந்து அப்படியே மண்ணில் உட்கார்ந்தாய். "எங்கம்மா செத்தப்ப பக்கத்து வீட்டுச் சித்தி ஓடிவந்து என் வாயைப் பொத்துனா. எதுக்குன்னு இப்பதாம்ட்டி தெரியுது. உத்திரம் முடியப்போற நேரம். நான் அதுக்குள்ள 'அம்மா'ன்னு கத்திட்டேன். லயம் முழுக்கக் கேட்டுட்டு" என்றாய். அப்புறம், "நான் கத்தாம இருந்திருந்தா அடைப்பு இல்ல. கொட்டகை இல்ல. தம்பி இருந்திருப்பான்" என்றாய்.

நான் உன்னை அடிக்கக் கை ஓங்கினேன். நிஜமாகவே ஓங்கினேன். இத்தனை படித்தவள், குளிர்தான் எடுத்தது என்று எனக்கே சொன்னவள், இப்படிப் பேசலாமா என்று கத்தினேன். "படிச்சதெல்லாம் ஊராருக்குட்டி. எனக்குன்னு வரும்போது அந்தச் சத்தம்தான் கேக்குது" என்றாய். அதற்குப் பிறகு அதைப் பற்றி நீ பேசவே இல்லை. ஆனால் உன்னை நான் அறிவேன். மேடையில் பேசும்போதும், பாடம் நடத்தும்போதும், எங்கள் வீட்டில் என் மருமகள் கவிதாவுக்கு வெங்காயம் உரித்துக்கொடுக்கும்போதும் ஒரு பத்து வயதுப் பெண் உனக்குள் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். எந்தப் பட்டமும் அவளுக்கு ஆறுதல் சொல்லவில்லை.

போன வருஷம் கோயமுத்தூர் டாக்டர் கையை விரித்ததும், உனக்கென்று யாரும் இல்லாததால், இங்கே கூட்டிக்கொண்டு வந்தேன். கூட்டிக்கொண்டு வராமல்? கிழக்கு அறையில் உன்னைப் படுக்க வைத்தேன். படுக்கையிலும் உனக்கு வாய் ஓயவில்லை. என் நாத்தனார் சரோஜா தினமும் காலண்டர் தாளைக் கிழித்ததும் உன்னிடம் வந்து நாள் நட்சத்திரம் ஒப்பிப்பாள். நீ அவளுக்குக் காலக்கட்டு கதையெல்லாம் சொல்லுவாய். அவள் வாயைப் பிளந்துகொண்டு கேட்பாள்.

அந்தக் காலையில் நீ கஞ்சி வேண்டாம் என்று தலையசைத்தாய். நான் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு நிமிர்ந்தேன். நீ இல்லை.

சரோஜா என் பின்னால்தான் நின்றிருந்தாள். அவள் கெட்டவள் இல்லை, தெரியுமல்லவா? என் கையைப் பிடித்துக்கொண்டு காதில் சொன்னாள்: "நங்கையா, வாயத் தொறந்துறாதீங்க. ரேவதி மத்தியானம் வரைக்குந்தானுங்க. அப்பறம் அசுவினி வந்துருதுங்க. அதுவரைக்கும் ஒருத்தரும் அழுகாம இருந்தாப் போதுமுங்க, அடைப்பே வேண்டியதில்ல. இவிங்களே சொல்லிக்குடுத்ததுதானுங்களே. கவிதா வேற மாசமா இருக்கறா."

அவள் சொன்னதில் ஒரு தப்பும் இல்லை. கவிதாவுக்கு அப்போது நாலு மாதம். ஒரு காலைப் பொழுது மட்டும் நான் அழாமல் இருந்தால் ஊருக்கும் நிம்மதி, வீட்டுக்கும் நிம்மதி. உன் சொந்தக் கண்டுபிடிப்பே கைக்கு எட்டும் தூரத்தில் கிடந்தது. நான் தலையாட்டக்கூடப் பார்த்தேன்.

அப்போதுதான் உறைத்தது. நான் இப்போது வாயை மூடிக்கொண்டால், அழுகைதான் சாவு நேரத்தைத் தீர்மானிக்கிறது என்று நானும் ஒப்புக்கொண்டதாக ஆகும். அப்படியானால் அன்று லயத்தில் உன் சத்தம்தான் அடைப்பைக் கொண்டுவந்தது. அப்படியானால் தம்பியைக் கொன்றது நீ. உயிரோடு இருந்தவரை உன் மனசிலிருந்து என்னால் எடுக்க முடியாத அந்தப் பழியை, நீ செத்த நிமிஷத்தில் நானே எழுதிக் கொடுப்பதா? நான் வாய்விட்டு அழுதேன். சாதாரணமாக இல்லை. தோப்பில் தேங்காய் போட்டுக்கொண்டிருந்தவர்கள் இறங்கி ஓடி வருகிற அளவுக்கு, தெருக்கோடி வரை கேட்கிற அளவுக்கு அழுதேன். உன் பேரைச் சொல்லி அழுதேன். சரோஜா என் வாயைப் பொத்த வந்தாள். அவள் கையைத் தட்டிவிட்டேன்.

அதற்கப்புறம் ஊர் என்னைப் பேசாத பேச்சில்லை. மந்திரக்காரியோடு சேர்ந்து இவளுக்கும் புத்தி பேதலித்துவிட்டது என்றார்கள். சரி, பேசட்டும் என்று விட்டேன். மூன்றாம் மாதம் என் வீட்டுக்காரரின் பெரியப்பா இறந்தார். அவர் வேறு வீடு, தொண்ணூறை நெருங்கிய வயது, படுக்கையில் கிடந்து வருஷக்கணக்கு. ஆனாலும் துக்கத்துக்கு வந்தவர்கள் கண்ணெல்லாம் எங்கள் கிழக்கு அறை பக்கமே திரும்பியது. மறுநாள் என் வீட்டுக்காரர் கொழிஞ்சாம்பாறைக்குப் போய்ப் புதுப் பூட்டு ஒன்றை வாங்கிக்கொண்டு வந்தார்.

"ஏபுள்ள, இனியும் புடிவாதம் புடிக்காத. மூணு மாசந்தான மிச்சம். சாத்தீரலாம்."

"பெரியப்பாவைக் கூட்டிட்டுப் போறதுக்கு நட்சத்திரம் எதுக்குங்க? வயசு பத்தாதுங்களா?"

"எனக்குந் தெரியும். கவிதாளுக்கு ஏதாச்சும் ஆச்சுன்னா ஊரு சும்மா உடுமா? நீயே உன்னைச் சும்மா உடுவியா?"

கவிதா சமையலறை வாசலில் நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். ஏழாம் மாதம், முகமெல்லாம் வெளிறிப்போயிருந்தாள். பயப்படுகிறவளைப் பார்த்துச் சிரிக்கக் கூடாது, சிரித்தால் பயம் போகாது, ஆள்தான் போவாள் என்பாயே. நான் சிரிக்கவில்லை, அதட்டவும் இல்லை. அவளை உட்காரவைத்து உன் கதையைச் சொன்னேன். லயம், உத்திரம், ஒரே அறை, தகரக் கொட்டகை, சாரல், காய்ச்சல், எல்லாம் சொன்னேன். நீ கத்தியதையும் சொன்னேன். கேட்டுவிட்டு அவள் வயிற்றில் கையை வைத்துக்கொண்டாள்.

"அந்தப் பாப்பாவுக்கு எத்தன மாசமுங்க அத்தே?"

"எட்டு."

அவள் மாமனார் பக்கம் திரும்பினாள். "மாமா, அந்தப் பூட்ட மோட்டார் ரூமுக்குப் போட்டுருங்க. ஒயரு திருட்டுப் போகுதுன்னு சொன்னீங்கல்ல." அப்புறம் என்னிடம், "எனக்குப் பயந்தானுங்க அத்தே. நா அந்த ரூமுக்குள்ள காலு வெக்கமாட்டேன். ஆனா பூட்ட வேண்டாமுங்க" என்றாள். என் மகனும் அவன் அப்பாவும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். இந்த வீட்டு ஆண்களுக்கு அது ஒன்று நன்றாக வரும்.

உன்னிடம் பொய் சொல்ல மாட்டேன். மிச்சமிருந்த மூன்று மாதமும் எனக்குச் சோறு இறங்கவில்லை. கவிதாவுக்குச் சர்க்கரை ஏறியிருக்கிறது என்று டாக்டர் சொன்ன அன்று நான் மோட்டார் ரூம் வரை நடந்துபோய், அந்தப் பூட்டைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றேன். திரும்பி வந்து உன் ஜன்னலைத் திறந்தேன். பிரசவத்துக்குக் கவிதாவைப் பெருமாட்டியில் இருக்கிற அவள் அம்மா வீட்டுக்கு அனுப்பிவைத்தோம். போன மாதம் பேத்தி பிறந்தாள். இரண்டு பேரும் நன்றாக இருக்கிறார்கள். இதனால் நான் ஜெயித்துவிட்டேன் என்று சொல்ல வரவில்லை. ஏதாவது ஆகியிருந்தாலும் அது உன் கட்டிலோ இந்தக் கதவோ செய்ததாக இருந்திருக்காது, அவ்வளவுதான். அப்போதும் இதையே சொல்ல எனக்குத் தெம்பு இருந்திருக்குமா என்பது எனக்குத் தெரியாது.

இன்று மத்தியானம் பின் தெருவிலிருந்து ருக்குமணி வந்தாள். தேங்காய் உரிக்கப் போகிறவள், உனக்குத் தெரியாது. முந்தாநாள் அவள் மாமியார் இறந்துவிட்டார். சதயம், அதுவும் ஆறு மாதம். அவள் வீட்டில் இருப்பது ஒரு அறையும், வெளிச்சுவரை ஒட்டி இறக்கிய ஒரு சமையல் சாய்ப்பும். அறையை அடைத்துவிட்டு, பள்ளிக்கூடம் போகிற இரண்டு பிள்ளைகளோடு சாய்ப்பில் இருக்கச் சொல்கிறார்களாம். மழைக்காலம். அவள் கேட்டுக்கு வெளியிலேயே நின்று கேட்டாள்.

"ஏனுங்க்கா, நீங்க அடைக்காம உட்டீங்களாமா. ஒண்ணும் ஆகலீங்களா?"

உள்ளே கூப்பிட்டு உன் கட்டிலில் உட்காரவைத்தேன். முதலில் நுனியில் உட்கார்ந்தாள், அப்புறம் கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்தாள். சுவரை, ஜன்னலை, கூரையை எல்லாம் பார்த்தாள். பெரியப்பா போனது, கவிதாவுக்குச் சர்க்கரை ஏறியது, பேத்தி பிறந்தது என்று நடந்தது நடந்தபடி எல்லாவற்றையும் சொன்னேன்.

"உங்களுக்குப் பயமில்லீங்களா?"

"இருந்துச்சு சாமி. ஆறு மாசமும் இருந்துச்சு. கதவத் தொறந்து வெச்சுட்டே பயந்தேன்."

அவள் புருஷனின் பங்காளிகள் சாயங்காலம் பூட்டோடு வருவார்களாம். அவள் ஒருத்தியாகச் சொன்னால் எடுபடாது என்றாள். நான் வருகிறேன் என்று சொல்லிவிட்டேன். உன் ஆய்வேட்டை நான் இதுவரை முழுசாகப் படித்ததில்லை, கோபித்துக்கொள்ளாதே, அதில் பாதி எனக்குப் புரியவும் இல்லை. நான் தூக்கிக்கொண்டு திரிவதெல்லாம் ஒரு பத்து வயதுப் பெண்ணின் சத்தத்தைத்தான். அதில் ஒரு குற்றமும் இல்லை என்று கேட்கிறவர்களுக்கும் கேட்காதவர்களுக்கும் சொல்லிக்கொண்டே இருப்பேன்.

சேலை மாற்றிக்கொண்டு கிளம்ப வேண்டும். மேற்கே வானம் கறுத்துக்கொண்டு வருகிறது. சண்டை வரும், வரட்டும். இன்று ராத்திரி ருக்குமணியின் பிள்ளைகள் இரண்டும் வீட்டுக்குள்தான் படுக்கும்.